கை இரண்டும் கட்டையில் இருக்கும்போது

பியானோ வாசிப்பவரே இசைக்குழுவையும் நடத்தலாமா? கேள்வி சின்னதுதான். ஆனால் எனக்கும் எனக்குப் பியானோ சொல்லித்தந்த டீச்சருக்கும் இடையில் இது பல வருடமாகத் தீராத வழக்கு. தனி வாத்தியம் ஒன்றும் இசைக்குழுவும் சேர்ந்து வாசிக்கும் கொன்செர்ட்டோவைப் பற்றி டீச்சரின் கட்சி எப்போதும் ஒன்றுதான். "கொன்செர்ட்டோ எண்டா ரெண்டு தரப்பு இருக்க வேணும் பிள்ளை. ஒரு பக்கம் பியானோ, மற்றப் பக்கம் இசைக்குழு. ரெண்டு கடிவாளமும் ஒராளின்ர கையில இருந்தா, அங்க ஆர் ஆரோட கதைக்கிறது?" என்று கேட்பார். நான் மொசார்ட்டை இழுப்பேன், அதற்கு அவரிடம் ஒரு பதில் இருக்கும். நான் பதிவுகளைப் போட்டுக் காட்டுவேன், அவர் கண்ணை மூடிக்கொண்டு கடைசி வரைக்கும் கேட்டுவிட்டு, "வாசிப்பு நல்லாத்தான் இருக்கு. அது வேற" என்பார். மற்ற வாதங்களுக்கெல்லாம் என்னால் மறுவாதம் சொல்ல முடிந்தது. ஆர் ஆரோட கதைக்கிறது என்ற அந்தக் கேள்வி மட்டும் உள்ளே கிடந்து உறுத்திக்கொண்டே இருந்தது.

திருகோணமலையில் இருந்துகொண்டு இதற்காக இவ்வளவு மல்லுக்கட்டுவதற்குக் காரணம் இருக்கிறது. இங்கே முழு இசைக்குழு கிடையாது. 1958 முதல் இயங்கிவரும் இலங்கை சிம்பொனி இசைக்குழுவைக் கேட்க வேண்டுமென்றால் கொழும்புக்கு இரவு ரயில் ஏற வேண்டும். ஊரில் இருக்கும் கொஞ்சப் பியானோக்களும் காற்றோடு போராடிக்கொண்டிருப்பவை. ஆனி, ஆடியில் கச்சான் காற்று எழும்பினால் மரம் காய்ந்து சுருதி இறங்கும். கார்த்திகை, மார்கழி மாரியில் உள்ளே இருக்கும் கம்பளி ஊறி, அழுத்திய கட்டை மேலே வராது. கடலின் உப்பு கம்பிகளைத் தின்னும். உவர்மலையில் டீச்சர் வீட்டுப் பியானோவுக்குள் மாரி தொடங்கியதும் ஒரு பல்ப் எரிய ஆரம்பிக்கும், ஈரம் ஏறாமலிருக்க. அந்த அறையில்தான் நான் கொன்செர்ட்டோ என்றால் என்னவென்று தெரிந்துகொண்டேன். நான் பியானோவில் தனிப் பகுதியை வாசிப்பேன், டீச்சர் பக்கத்தில் ஒரு கீபோர்டில் இசைக்குழுவின் பகுதியைச் சுருக்கி வாசிப்பார். நான் பிந்தினால் அவர் காத்திருக்க மாட்டார். "இசைக்குழு உம்மட வேலைக்காரன் இல்லை" என்பார். அவருடைய கட்சி எங்கிருந்து வந்ததென்று எனக்கு நன்றாகவே தெரியும். அந்த அறையில் எப்போதும் இரண்டு பேர் இருந்தோம்.

எங்கள் ஊருக்கும் பீத்தோவனுக்கும் இன்னொரு வழியிலும் தொடர்பு இருந்தது. ஜெர்மன் வானொலியான டொய்ச்ச வெல்ல, திருகோணமலைக்குப் பக்கத்தில் ஒரு சிற்றலை அஞ்சல் நிலையம் வைத்திருந்தது. அந்த வானொலியின் ஒலிபரப்பு தொடங்குமுன் செலஸ்டாவில், மணி தட்டுவது போன்ற ஒலியில், ஒரு சின்ன மெட்டு திரும்பத் திரும்ப வரும். பீத்தோவனின் ஃபிடேலியோ ஓப்பராவில் வரும் ஒரு வரி அது. சண்டைக் காலத்தில், கரண்ட் இல்லாத இரவுகளில், பற்றறி றேடியோவில் நான் முதன்முதலாகக் கேட்ட பீத்தோவன் அந்த மெட்டுத்தான். அது பீத்தோவன் என்று சொன்னவரும் டீச்சர்தான். ஆசியா முழுவதற்கும் ஒலி அனுப்பிய கம்பங்கள் நம் ஊரில் நின்றன என்பது இப்போதும் எனக்குப் பெருமையாக இருக்கிறது.

மூடி கழற்றிய பியானோ

சரி, வழக்குக்கு வருவோம். வழக்கமான ஏற்பாட்டில் பியானோ மேடையின் முன்பக்கம் குறுக்காக நிற்கும். வாசிப்பவர் சபைக்குப் பக்கவாட்டில் இருப்பார். தூக்கி நிறுத்திய மூடி ஒலியைச் சபைப் பக்கம் தள்ளிவிடும். நடத்துநர் பியானோவுக்குப் பின்னால் நின்று, ஒரு கண்ணைப் பியானோக்காரரின் தோளிலும் மறு கண்ணை வயலின்களிலும் வைத்துக்கொண்டிருப்பார். ஒருவரே இரண்டையும் செய்யும்போது பியானோவைத் திருப்பிப் போடுகிறார்கள். மூடியை முழுதாகக் கழற்றிவிடுவார்கள், பியானோவின் வால் இசைக்குழுவுக்குள் நீண்டிருக்கும், வாசிப்பவரின் முதுகு சபையைப் பார்த்திருக்கும். மூடி இல்லாததால் ஒலி மேலே போய்க் கொஞ்சம் கூர் மழுங்குகிறது. டீச்சர் இதைக் குறையாகச் சொல்வார், சரியான குறைதான். ஆனால் அந்த ஏற்பாட்டில் வாசிப்பவர் எல்லா முகங்களையும் நேரே பார்க்கிறார். வாத்தியக்காரர்களும் பியானோவைச் சுற்றி உட்கார்ந்து, அதன் சத்தத்துக்குள்ளேயே இருந்து வாசிக்கிறார்கள்.

இரண்டு கையும் கட்டையில் இருக்கும்போது எப்படி நடத்துவது என்பதுதான் முதலில் எல்லோரும் கேட்பது. பியானோ ஓய்ந்திருக்கும் இடங்களில் கை போதும். ஒரு கை வாசிக்கும்போது மறு கை ஒரு சைகை காட்டலாம். இரண்டும் ஓடிக்கொண்டிருக்கும்போது தலை, தோள், புருவம், எல்லாவற்றுக்கும் மேல் மூச்சு. ஒரு தாளக்கட்டுக்கு முன்னால் அவர் இழுக்கும் மூச்சு அடுத்த பகுதி எந்த வேகத்தில், எவ்வளவு சத்தத்தில் வரவேண்டும் என்பதைச் சொல்லிவிடும். முதல் வயலின்காரருக்கு இதில் பெரிய பங்கு. அவருடைய வில் எழும்புவதைப் பார்த்துத்தான் மற்றத் தந்தி வாத்தியங்கள் எழும்பும். மொசார்ட் காலத்து இசைக்குள்ளேயே சில சைகைகள் எழுதப்பட்டும் இருக்கின்றன. தனியாக வாசிக்கும் கடென்சா முடியும்போது பியானோ ஒரு நீண்ட டிரில்லில் வந்து நிற்கும். இரண்டு ஸ்வரங்கள் மாறி மாறி அதிரும் அந்தச் சத்தம் கேட்டதும் இசைக்குழு முழுவதும் வாத்தியத்தைத் தூக்கிவிடும். யாரும் நடத்துநரின் கோலை ஆட்டத் தேவையில்லை.

இதில் புதுமை எதுவும் இல்லை. பியானோவில் இருந்து நடத்துவதுதான் அந்தக் காலத்து வழக்கம். கோலோடு தனியாக நிற்கும் நடத்துநர் 19ஆம் நூற்றாண்டில்தான் நிலைபெற்றார். 1785 பெப்ரவரி 11ஆம் திகதி, வியன்னாவில் மேல்குரூப என்ற மண்டபத்தில் மொசார்ட் தன்னுடைய டி மைனர் கொன்செர்ட்டோவை, இன்று 20ஆவது என்று எண்ணப்படுவதை, முதன்முறையாக வாசித்தார். அன்றுதான் அவருடைய அப்பா லெயோபோல்ட் ஊரிலிருந்து வந்து இறங்கியிருந்தார். தாங்கள் வந்து சேர்ந்தபோதும் பிரதியெடுப்பவர் எழுதிக்கொண்டே இருந்தார் என்றும், அதை மேற்பார்க்க வேண்டியிருந்ததால் மகனுக்குக் கடைசிப் பாகத்தை ஒரு தடவை வாசித்துப் பார்க்கக்கூட நேரம் கிடைக்கவில்லை என்றும் அவர் மகளுக்குக் கடிதம் எழுதினார். அந்த இரவில் அந்த இசை எங்கே போகிறதென்று தெரிந்தவர் பியானோவில் இருந்தவர் ஒருவர்தான். இன்னொருவரை நடத்த விட்டிருந்தால் அவருக்குச் சொல்லிக்கொடுக்கவும் நேரம் இருந்திருக்காது.

மொசார்ட்டின் கையெழுத்துப் பிரதிகளில் எனக்கு மிகவும் பிடித்த விஷயம் ஒன்று உண்டு. இசைக்குழு மட்டும் வாசிக்கும் இடங்களில், பியானோவின் வரியில் அவர் ஓய்வுக்குறி போட்டு விட்டுவிடவில்லை. கீழ்ஸ்வர வாத்தியங்களோடு சேர்ந்துபோ என்று இத்தாலிய மொழியில் குறித்து வைத்திருக்கிறார். அதாவது பியானோ ஒரு பெரிய மனிதர் வருவதுபோல நடுவில் வந்து இறங்குவதில்லை. முதலிலிருந்தே உள்ளே இருக்கிறது, செலோக்களோடும் பாஸ்களோடும் சேர்ந்து அடித்தளம் போட்டுக்கொண்டிருக்கிறது, பிறகு அந்தக் கூட்டத்துக்குள்ளிருந்தே எழும்பித் தன் குரலில் பேச ஆரம்பிக்கிறது. டி மைனர் கொன்செர்ட்டோவில் அந்த முதல் எழுச்சியைக் கேட்டால் தெரியும். இசைக்குழு ஒரு புயலை எழுப்பி அடக்கியபின், பியானோ அதுவரை யாரும் வாசிக்காத ஒரு புதிய வரியைத் தனியாக, தயங்கித் தயங்கிச் சொல்கிறது. இத்தனை நேரமும் உள்ளே இருந்தவர் சொல்லும்போது அந்தத் தயக்கத்துக்குப் பொருள் இருக்கிறது. 1937இல் நடத்துநர் புரூனோ வால்ட்டர் வியன்னா பில்ஹார்மோனிக்கைப் பியானோவிலிருந்தே நடத்திக்கொண்டு இதே கொன்செர்ட்டோவைப் பதிவு செய்தார். பிறகு கேசா அண்டா, பாரன்பொய்ம், பெராயா, உச்சிடா என்று அந்த வழி தொடர்ந்து வந்திருக்கிறது. மொசார்ட் வரைக்கும் எனக்கு எந்தச் சந்தேகமும் கிடையாது. டீச்சர்கூட மொசார்ட்டை மெல்ல விட்டுக்கொடுப்பார்.

ஒருமுறை நான் வேறு வழியில் போய்ப் பார்த்தேன். சிவராத்திரி முடிந்து கோணேசர் நகர்வலம் வரும்போது முன்னால் போகும் மேளத்தைப் பாருங்கள் என்றேன். நாதஸ்வரக்காரரின் இரண்டு கையும் வாத்தியத்தில், வாயும் வாத்தியத்தில். தவில்காரர் அவருடைய கன்னத்தையும் கண்ணையும் பார்த்தே எல்லாவற்றையும் பிடிக்கிறார், அங்கே யார் கோல் வைத்திருக்கிறார்கள் என்று கேட்டேன். டீச்சர் உடனே திருப்பிப் போட்டார். "தவில்காரர் என்ன நாதஸ்வரக்காரருக்குக் கீழ்ப்படிஞ்சே வாசிக்கிறார்? தனி வாசிக்கேக்க பாரும். நாதஸ்வரத்தை இறக்கி வைச்சிட்டு மற்றவர் தாளம் போட்டுக்கொண்டு நிப்பார். அங்க ரெண்டு பேர் இருக்கினம்." அப்போது எனக்கு அதற்குப் பதில் தெரியவில்லை.

டீச்சரின் பக்கம்

அவருடைய வாதத்துக்குப் பலம் பீத்தோவனில் இருக்கிறது. பீத்தோவனும் தன் கொன்செர்ட்டோக்களைத் தானே வாசித்தவர்தான். அவரைப் பற்றி வயலின் கலைஞர் லூயிஸ் ஷ்போர் எழுதி வைத்த ஒரு கதையை டீச்சர் அடிக்கடி சொல்வார். ஷ்போர் நேரில் பார்த்ததல்ல, வேறொருவர் சொல்லக் கேட்டது. பீத்தோவன் ஒரு புதிய கொன்செர்ட்டோவை வாசித்துக்கொண்டிருக்கிறார். இசைக்குழு மட்டும் வாசிக்கும் இடம் வந்ததும் தானே வாசிப்பவர் என்பதை மறந்து எழும்பி நடத்த ஆரம்பித்துவிட்டார். அழுத்தம் விழவேண்டிய இடத்தில் கையை அகல விரித்ததில் பியானோவில் இருந்த இரண்டு விளக்கும் கீழே விழுந்தன. சபை சிரித்துவிட்டது. அவர் கோபத்தோடு திரும்பத் தொடங்க வைத்தார், இந்த முறை இரண்டு சிறுவர்கள் விளக்கைப் பிடித்துக்கொண்டு பக்கத்தில் நின்றார்கள். அதே இடம் வந்தது, கை விரிந்தது, ஒரு பையனுக்கு முகத்தில் அடி விழுந்தது, விளக்கும் போனது. அந்த மனிதர் அளவுக்கு இசைக்குள் மூழ்கியவரால்கூட இரண்டு வேலையையும் ஒரே உடம்பில் வைத்திருக்க முடியவில்லை என்பதுதான் டீச்சர் எடுக்கும் பொருள். நான் கதையை அப்படியே நம்ப மாட்டேன். ஆனால் அதில் ஒரு உண்மை இருக்கிறது. பீத்தோவனின் இசைக்குழு வளர்ந்துகொண்டிருந்தது. அது வளர வளர, ஒரே இருக்கையில் இருந்து அதைப் பிடித்து வைத்திருப்பது கடினமாகிக்கொண்டே போனது. 1808 டிசம்பர் 22ஆம் திகதி, குளிரில் நாலு மணித்தியாலம் நீண்ட அந்தப் புகழ்பெற்ற கச்சேரியில், பியானோவும் இசைக்குழுவும் பாடகர்களும் சேர்ந்த கடைசி உருப்படி நடுவில் குழம்பி, பீத்தோவன் நிறுத்தித் திரும்பத் தொடங்க வேண்டி வந்தது.

இன்னும் பின்னால் போனால் நான் முழுதாக டீச்சரின் பக்கம். பிராம்ஸின் இரண்டாவது கொன்செர்ட்டோ, ரக்மனினோவின் மூன்றாவது, இவற்றைப் பியானோவிலிருந்து நடத்த முயல்வது அந்த இசைக்குச் செய்யும் அநியாயம். வேகம் ஒவ்வொரு வரியிலும் வளைகிறது, பியானோக்காரருக்கு மூச்சுவிட இடமில்லை, இசைக்குழு அடர்ந்த காடு. அங்கே இன்னொருவர் நிற்கத்தான் வேண்டும். மொசார்ட்டிலேயேகூட, இசைக்குழு வாசிக்கத் தொடங்கும் ஒவ்வொரு தடவையும் இருக்கையை விட்டுப் பாய்ந்து எழும்பி, இரண்டு கையையும் வீசி, கடைசி நொடியில் வந்து குந்தி வாசிக்கும் ஆட்களை எனக்குப் பிடிக்காது. அப்படிப்பட்ட காணொளிகளில் வாத்தியக்காரர்களின் கண்ணைப் பாருங்கள். பல பேர் முதல் வயலின்காரரைத்தான் பார்த்துக்கொண்டிருப்பார்கள். கையை வீசுபவர் சபைக்காகத்தான் வீசிக்கொண்டிருக்கிறார்.

டீச்சருக்குப் பிடித்த பீத்தோவன் பதிவு பாரன்பொய்ம் இளம் வயதில் வாசித்து, கிழவர் ஓட்டோ க்ளெம்பெரர் நடத்தியது. ஐந்து கொன்செர்ட்டோக்களும் அதில் உண்டு. அதே பாரன்பொய்ம் பிறகு பெர்லின் பில்ஹார்மோனிக்கோடு தானே வாசித்து நடத்தி ஐந்தையும் மறுபடி பதிவு செய்தார். "ரெண்டையும் கேட்டுப்போட்டு வாரும்" என்று டீச்சர் சொல்லும்போது அவர் குரலில் தீர்ப்பு ஏற்கனவே வந்துவிட்டிருக்கும். க்ளெம்பெரரின் இசைக்குழு பாறை மாதிரி நிற்கிறது. அந்த இளைஞன் அதன் மேல் மோதி மோதித் தன் வழியைக் கண்டுபிடிக்க வேண்டியிருக்கிறது. அங்கே இரண்டு பேர் இருக்கிறார்கள் என்பது சந்தேகமில்லாமல் காதில் விழுகிறது.

நாலாவது கொன்செர்ட்டோ

என் வாதத்துக்கு நான் எப்போதும் பிடித்துக்கொண்டிருந்த கொம்பு பீத்தோவனின் நாலாவது கொன்செர்ட்டோவின் தொடக்கம். பியானோ தனியாகத் தொடங்குகிறது. ஐந்து பார், அதாவது ஐந்து தாளக்கட்டு. மென்மையாக, ஒரே கோர்டை, சேர்ந்து ஒலிக்கும் ஸ்வரங்களை, மெல்லத் தட்டித் தட்டி ஒரு கேள்வி கேட்டதுபோல நிறுத்துகிறது. உடனே தந்தி வாத்தியங்கள், அதைவிட மெல்ல, எதிர்பாராத வேறொரு சுருதியில் பதில் சொல்கின்றன. பியானோ ஜி மேஜரில் பேசியது, பதில் பி மேஜரில் வருகிறது. நாம் நின்ற நிலம் ஓசைப்படாமல் நகர்ந்துவிட்டது போல இருக்கும். அதற்குப் பிறகு கிட்டத்தட்ட 70 பாருக்குப் பியானோவுக்கு வேலை இல்லை. அந்தக் கேள்விக்கும் பதிலுக்கும் இடையில் இருக்கும் நிசப்தம் எவ்வளவு நீளம் என்பதுதான் எல்லாம். நடத்துநர் இருந்தால் அவர் பியானோக்காரரின் மணிக்கட்டைப் பார்த்து ஊகிக்க வேண்டும். பியானோவிலிருந்தே நடத்தினால் கேள்வியை முடித்த அதே மூச்சு பதிலைத் தொடக்குகிறது. இதை மிஞ்சிய வாதம் இல்லை என்று நினைத்திருந்தேன். டீச்சர் அதைக் கேட்டுவிட்டு, "அப்ப ரெண்டாம் பாகத்துக்கு என்ன சொல்லுறீர்?" என்று மட்டும் கேட்டார்.

இரண்டாம் பாகம் தெரிந்தவர்களுக்கு அந்தக் கேள்வியின் கனம் தெரியும். 72 பார்தான், சின்னப் பாகம். பியானோவும் தந்தி வாத்தியங்களும் மட்டும். தந்தி வாத்தியங்கள் எல்லாம் ஒன்றாக, ஒரே ஸ்வரங்களை, வெட்டி வெட்டி, கடுமையாக வாசிக்கின்றன. பியானோ சத்தத்தை மென்மையாக்கும் ஒற்றைக் கம்பி மிதியை அழுத்தி வைத்துக்கொண்டு, பாடுவதுபோல, மிகத் தாழ்ந்த குரலில் மறுமொழி சொல்கிறது. மறுபடி கடுமை, மறுபடி தாழ்ந்த குரல். போகப்போக வசனங்கள் சுருங்குகின்றன, ஒன்றின் வாலில் மற்றது வந்து விழுகிறது. கடுமையின் சத்தம் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைந்து கடைசியில் அடங்கிவிடுகிறது. இரண்டு தரப்பு இருப்பதைத் தவிர அந்தப் பாகத்தில் வேறொன்றும் இல்லை. இதைப் போய் ஒருவரே கையை ஓங்கிக் கடுமையையும் வரவழைத்து, பிறகு உட்கார்ந்து தாழ்மையையும் வாசித்தால் அது தனக்குத் தானே பேசிக்கொள்வதாகத்தான் முடியும். நான் பார்த்த பதிவுகள் பலவற்றில் அப்படித்தான் இருந்தது. அடிக்கும் கையும் சமாதானம் சொல்லும் கையும் ஒன்றே என்பது கண்ணுக்குத் தெரிந்த பிறகு, காதாலும் வேறு மாதிரிக் கேட்க முடிவதில்லை.

பிறகு ஒரு காணொளி பார்த்தேன். வாசித்தவர் யார் என்பதை விட்டுவிடுகிறேன், பெயரைச் சொன்னால் பேச்சு அவரைப் பற்றிப் போய்விடும். சின்ன இசைக்குழு. முதல் பாகத்தில் அவர் வழக்கம்போலக் கையாலும் தலையாலும் நடத்தினார். இரண்டாம் பாகம் வந்தது. அவர் இரண்டு கையையும் மடியில் வைத்துக்கொண்டார். தலையைக் கொஞ்சம் குனிந்து கட்டைகளைப் பார்த்துக்கொண்டிருந்தார். இசைக்குழுவைப் பார்க்கவே இல்லை. முதல் வயலின்காரி வில்லைத் தூக்கி ஒரு மூச்சு இழுத்தார், அவ்வளவுதான், தந்தி வாத்தியங்கள் முழுவதும் ஒரே அடியாக இறங்கின. பியானோக்காரரின் தோள் லேசாக அதிர்ந்தது. அந்தச் சத்தத்தை அவர் வரவழைக்கவில்லை, அது அவர் மேல் வந்து விழுந்தது. அது முழுதாக ஓயும் வரைக்கும் காத்திருந்து தன் வரியை வாசித்தார். முடித்ததும் கை மறுபடி மடிக்குப் போனது. எப்போது திரும்ப அடிப்பது என்பதை அவர்கள் முடிவு செய்தார்கள். இரண்டாம், மூன்றாம் மேசைகளில் இருந்தவர்கள் முதல் வயலின்காரியின் தோளைப் பார்க்கிறார்கள், செலோக்காரர்கள் பாஸ்காரரைப் பார்க்கிறார்கள், எல்லோரும் பியானோவைக் கேட்கிறார்கள். கடைசிப் பகுதியில் அவர்களுடைய சத்தம் அடங்கிக்கொண்டே வந்தபோது, யாரோ கையைத் தாழ்த்தி அடக்கச் சொன்னதால் அது அடங்கவில்லை. அவர்களே கேட்டு, அவர்களே இளகினார்கள். மூன்றாம் பாகம் இடைவெளி இல்லாமல் தொடங்க வேண்டும். அப்போதுதான் அவர் நிமிர்ந்து புருவத்தை உயர்த்தினார்.

அதை நிறுத்தித் திரும்பத் திரும்பப் பார்த்தேன். டீச்சரின் கேள்விக்கு அங்கே பதில் இருந்தது. நடத்துநர் ஒருவர் நின்றிருந்தால் பியானோவோடு கதைக்கும் மறு தரப்பு அந்த ஒரு மனிதர்தான். இங்கே மறு தரப்பு இருபது, முப்பது பேர், தங்களுக்குள் கேட்டு ஒரு முடிவுக்கு வந்தவர்கள். அவர்களுக்கு அந்த இடத்தைக் கொடுக்கக்கூடியவரும் பியானோவில் இருந்தவர்தான். அதுவரைக்கும் நடத்திக்கொண்டிருந்தவர் என்பதால்தான் அவர் கையை மடியில் வைத்தது ஒரு செயலாகிறது. பக்கத்தில் நடத்துநர் இருந்திருந்தால் பியானோக்காரர் கையை மடியில் வைப்பதில் ஒன்றுமில்லை, அவர் தன் முறைக்குக் காத்திருக்கிறார், அவ்வளவே. பியானோவிலிருந்து நடத்துவதன் பெருமை எல்லாவற்றையும் ஒருவரே பிடித்திருப்பதில் இருக்கிறது என்ற எண்ணத்தில்தான் இத்தனை காலமும் வாதாடியிருக்கிறேன். எங்கே விடுவது என்று அவருக்கு மட்டுமே தெரியும் என்பதில்தான் அது இருக்கிறது என்று இப்போது நினைக்கிறேன். நாதஸ்வரத்தை இறக்கி வைத்துத் தாளம் போட்டுக்கொண்டு நிற்பவரைப் பற்றி டீச்சர் சொன்னதும் அப்போதுதான் எனக்கு முழுதாக விளங்கியது.

தேவாலயத்தில் கரோல் பயிற்சிகளுக்கு நான்தான் கீபோர்ட் வாசித்துக்கொண்டு பாடகர்குழுவையும் நடத்துகிறேன். அந்தக் காணொளிக்குப் பிறகு, பெண்குரல்கள் மட்டும் பாடும் ஒரு சரணத்தில் வாசிப்பையும் சைகையையும் நிறுத்திவிட்டு, நீங்களே தொடங்குங்கள் என்று சொன்னேன். முதலில் எல்லோரும் என்னையே பார்த்தார்கள். பிறகு ஒருவரை ஒருவர் பார்த்தார்கள். அவர்கள் எடுத்த வேகம் நான் எப்போதும் கொடுக்கும் வேகத்தைவிட நிதானமானது, அந்த வரிகளுக்கு அதுதான் பொருத்தம். அந்தச் சரணத்துக்கு அந்த வேகத்தையே வைத்துக்கொண்டோம்.

இன்னும் இருக்கும் ஐந்தாவது

காணொளியை உவர்மலைக்குக் கொண்டுபோய் டீச்சருக்குப் போட்டுக் காட்டினேன். வழக்கம்போலக் கண்ணை மூடப் போனவரை, இந்தப் பாகத்தை மட்டும் கண்ணைத் திறந்து பாருங்கள் டீச்சர் என்று கேட்டுக்கொண்டேன். பார்த்தார். திரும்பப் போடச் சொல்லிப் பார்த்தார். "இவர் நடத்தேல்லையே" என்றார். அதைத்தான் காட்ட வந்தேன் என்றேன். "அப்ப நீர் என்ர பக்கத்துக்கு வந்திட்டீர். ரெண்டு பேர் இருக்க வேணும் எண்டுதானே நான் இவ்வளவு காலமும் சொன்னனான்" என்றார். நான் மறுக்கவில்லை. அவர் சொன்ன இரண்டு தரப்பும் அங்கே இருந்தன, நான் சொன்ன மாதிரி நடத்துநர் இல்லாமலே இருந்தன. அன்று இரண்டு பேரும் நிறைய நேரம் பேசிக்கொண்டிருந்தோம். அவர் தன் காலத்தில் எந்தெந்தப் பதிவில் அந்தப் பாகத்தை எப்படிக் கேட்டார் என்பதையெல்லாம் சொன்னார்.

நாலாவதை விட்டுக்கொடுத்தாலும் ஐந்தாவதை அவர் விடுவதாக இல்லை. அதற்கு வலுவான நியாயமும் வைத்திருக்கிறார். ஐந்தாவது கொன்செர்ட்டோவைப் பீத்தோவன் தானே மேடையில் வாசிக்கவில்லை. காது அவ்வளவு கெட்டுப்போயிருந்தது. 1811இல் லைப்சிக்கில் ஃபிரீட்ரிச் ஷ்னைடரும், அடுத்த வருடம் வியன்னாவில் கார்ல் செர்னியும்தான் வாசித்தார்கள். ஆகவே எழுதியவரே வாசித்து நடத்திய முன்னுதாரணம் அதற்குக் கிடையாது. முதல் பாகத்தின் அளவும் எடையும் வேறு. நான் அதில் பெரும்பகுதியை ஒத்துக்கொள்கிறேன். ஆனால் கடைசிப் பாகத்தின் முடிவில் ஒரு இடம் இருக்கிறது. இசைக்குழு முழுவதும் ஓய்ந்துவிடும், டிம்பனி என்ற பெருமுரசு மட்டும் ஒரே தாளத்தைத் தட்டிக்கொண்டிருக்கும், அதன் மேல் பியானோ கோர்டுகளை வைத்துக்கொண்டு மெல்ல மெல்ல வேகம் குறைந்து, சத்தம் குறைந்து, நிற்கிற நிலைக்கு வந்துவிடும். பிறகு ஒரே பாய்ச்சலில் முடியும். அந்த இடத்தில் இரண்டே இரண்டு பேர். வழக்கமான ஏற்பாட்டில் அவர்களுக்கு நடுவில் மூன்றாமவர் ஒருவர் நின்று, இருவருக்கும் தாளம் காட்டிக்கொண்டிருப்பார். பியானோவைத் திருப்பிப் போட்டால், வாசிப்பவரும் பின்வரிசையில் டிம்பனிக்குப் பின்னால் நிற்பவரும் இசைக்குழு முழுவதையும் தாண்டி ஒருவரை ஒருவர் நேரே பார்த்துக்கொண்டு அந்த வேகத்தைச் சேர்ந்தே இறக்கலாம்.

இதை டீச்சரிடம் சொன்னேன். கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு, அடுத்த முறை வரும்போது அப்படி வாசித்த பதிவொன்றைக் கொண்டுவரச் சொன்னார். க்ளெம்பெரரையும் எடுத்து வைப்பாராம், அந்த இடத்தை இரண்டிலும் அடுத்தடுத்துக் கேட்க வேண்டுமாம்.